நண்டும் நாக்கு மீனும்: ஓர் உணவியல் ஒப்பாய்வு

கடலடியில் வாழ்வன உண்ணும் என்பது அறிஞர் அனைவர்க்கும் ஒப்ப முடிந்தது. எவ்வாறு உண்ணும் என்பதே ஈண்டு ஆய்வுப்பொருள். ஆய்வெல்லை: சென்னைக் காசிமேட்டில் மீன்காரம்மா ஒருவரின் கூடை. கருதுகோள், முடிவு எழுதியபின் முன்னால் செருகப்படும்.

இயல் 1: நண்டின் நடை. பக்கவாட்டில் (காண்க: நண்டு).

இயல் 2: நண்டின் பல். இது வயிற்றில் உள்ளது. ஓட்டைப் பிளந்தால் கண்களுக்குச் சற்றுப் பின்னே சின்னப் பை ஒன்று தெரியும். மீன்காரம்மா அதைக் கட்டைவிரலால் நெம்பி எறிந்துவிடுவார். அதனுள் மேலே ஒரு பல், இருமருங்கும் ஒவ்வொன்று, ஆக மூன்று. வாயில் பிய்த்து விழுங்கிய புழுவும் சிப்பிச் சதையும் இங்கேதான் அரைபடும். நண்டு ஓடு கழற்றும்போது இப்பற்களும் கழன்று புதியன வரும். முதலில் விழுங்கு, பிறகு மெல். மேற்கோளை முதலில் காட்டி நூலைப் பிறகு படிக்கும் ஆய்வு மரபுக்கு நண்டே முன்னோடி என்பது கட்டுரையாளர் துணிபு (ஆதாரம்: இதே வரி).

அட்லாண்டிக் கரைப் பேய் நண்டு இந்த வயிற்றுப் பற்களை உரசியே உறுமுகிறது என்று 2019இல் ஆய்விதழொன்றில் வெளிவந்தது. கொடுக்கை ஓங்கி நிற்கையில் அதைத் தேய்த்துச் சத்தமிட வழியில்லை; எனவே வயிறு பேசுகிறது. கருத்தரங்குகளில் மதியச் சாப்பாட்டுக்குச் சற்றுமுன் எழும் ஒலியை நண்டியலார் இதனோடு ஒப்பிடாதது பெருங்குறை.

மூன்று பல் கொள்கைக்கு மறுப்பும் உண்டு: “வயித்துல பல்லா? நண்டு வேணுமா வாணாமா, அத்த சொல்லு சார்” (மீன்காரம்மா, வாய்மொழி, பேரம் படியுமுன்). பின்னர் அவரே “இருக்கும் சார், இருக்கும்” என இசைந்தார் (மேற்படியார், பேரம் படிந்தபின், மீதிச் சில்லறை தராத நிலையில்). அவர் மருமகள் நடுநிலையாளர் (தலையசைப்பு, செதில் சீவியபடி, முகம் திரும்பாமல்; பக்கத்துக் கூடைக்காரர் வழிமொழிந்தது, அவரை யாரும் கேட்கவில்லை).

இயல் 3: நாக்கு மீன். குஞ்சாக இருக்கையில் பக்கத்துக்கு ஒரு கண். வளர வளர வலக்கண் நகர்ந்து இடப்பக்கம் குடியேறும். பிறகு குருட்டுப் பக்கத்தை மணலில் கிடத்திக்கொண்டு சேற்றுப் புழுவும் பொடி இறால் இனங்களும் தின்று காலம் கழிக்கும். எருமைநாக்கு என்னும் இன்னொரு தட்டைமீனில் சிலவற்றுக்கு இடப்பக்கம் கண், சிலவற்றுக்கு வலப்பக்கம்; எப்பள்ளியையும் சாராதது.

உயிரினம் சிறுகச் சிறுக மாறியதென்றால், பாதி வழியில் நிற்கும் கண்ணால் மீனுக்கு என்ன லாபம் என்று 1871இல் உயிரியலார் மைவர்ட் டார்வினை மடக்கினார். டார்வின் 1872இல், தம் பரிணாம நூலின் ஆறாம் பதிப்பில் பதில் எழுதினார். அப்படிப் பாதி நகர்ந்த கண்ணோடு மீன்கள் வாழ்ந்தே இருந்தன என்று புதைபடிவங்களைக் கொண்டு மாட் ஃப்ரீட்மன் காட்டியது 2008இல். குஞ்சு சில வாரங்களில் முடிக்கும் வேலைக்கு அறிஞருலகம் எடுத்துக்கொண்டது 137 ஆண்டு. குஞ்சுக்கு நெறியாளர் இல்லாதது காரணமாகலாம்.

இயல் 4: இரண்டுக்கும் உள்ள உறவு. ஐரோப்பாவின் வாடன் கடலில் கரைநண்டு தட்டைமீன் குஞ்சைத் தின்னும். தப்பிப் பிழைத்து வளர்ந்த தட்டைமீன்களில் சில, குட்டி நண்டைத் தின்னும். பணிமூப்பு அடிப்படை போலும். ஒரே கூடையில் சேர்ந்தபின் உறவு எவ்வாறு மாறுகிறது என வினவியதற்கு, “அது வேற வெல, இது வேற வெல” என்ற விடை கிடைத்தது (மீன்காரம்மா, மூன்றாம் நேர்காணல், கூடையைத் தலைக்கு ஏற்றுகையில், ஆய்வாளர் ஒரு கை பிடித்துத் தூக்கிவிட்டதால் குறிப்பெடுக்க இயலவில்லை).