ராஜபார்ட்டுக்கே ரத்தினம்

மந்திரிகள் மேல் டெல்லிக்கு எவ்வளவு பக்தி என்று பார்க்க சாணக்யபுரிக்குப் போக வேண்டும். அரியணையில் உட்கார்ந்தவன் சந்திரகுப்தன். பக்கத்தில் நின்று காயை நகர்த்தியவர் பெயரில் ஒரு பேட்டையையே எழுதி வைத்திருக்கிறார்கள். அது போதாதென்று உள்ளேயே கௌடில்ய மார்க். அதே ஆளுக்கு இன்னொரு பெயரில் இன்னொரு பங்கு. 1970-ல் வந்த தியேட்டரும் சாணக்யாதான். 2008-ல் தியேட்டரை இடித்தார்கள், பிறகு அங்கே மால் வந்தது, பெயர் மட்டும் அசையவில்லை. நாயகன் அல்லாதவருக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்? நல்லவேளை, அவர் சினிமாவுக்கு வரவில்லை.

டி.எஸ். பாலையா வந்தார்.

1936-ல் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர், தமிழ் தெரியாமலே, எஸ்.எஸ். வாசனின் கதையை 'சதிலீலாவதி'யாக எடுத்தார். கதாநாயகன் எம்.கே. ராதா. அவரைக் குடிக்க வைத்துக் கெடுக்கும் வில்லன் பாலையா. அதே படத்தில் சின்னதாக ஒரு இன்ஸ்பெக்டர் வேஷம் எம்.ஜி.ஆருக்கு. இருவருக்கும் அதுவே முதல் படம். பெரிய வேஷம் யாருக்கு என்பதை ஒருமுறை கவனித்துக்கொள்ளுங்கள்.

அதன் பிறகு பாலையா செய்யாத வேஷம் என்ன? 'தூக்குத் தூக்கி'யில் சேட்டு. 'காதலிக்க நேரமில்லை'யில் கதை சொன்னது நாகேஷ். ஆனால் அந்தக் கதைக்குப் பயந்து பயந்து அதைக் காட்சியாக்கியது பாலையாவின் முகம். பயப்படுவதில்கூட ஒரு தாளக்கட்டு வைத்திருந்தார் மனிதர். 'திருவிளையாடல்' ஹேமநாத பாகவதரைப் பாருங்கள். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, திமிர் முழுக்க பாலையாவுடையது. பாண்டியன் சபையையே கால்தூசாக நினைக்கும் அந்தக் கழுத்து, ராத்திரியில் ஒரு விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டுத் தொங்கும் இடம் இருக்கிறதே, அதற்கு வசனமே தேவையில்லை.

'சதிலீலாவதி' வந்த அதே 1936-ம் ஆண்டுப் படங்களுக்குத்தான் அமெரிக்காவில் முதல்முறையாகத் துணை நடிகருக்கு ஆஸ்கர் கொடுத்தார்கள். வாங்கியவர் வால்டர் பிரென்னன். சிலை இல்லை, தகடுதான். நாயகனுக்குச் சிலை, மற்றவனுக்குத் தகடு. அங்கேயும் கஞ்சத்தனம் உண்டு. ஆனாலும் கொடுக்கத் தோன்றியது.

நம் சர்க்காருக்கு எப்போது தோன்றியது? தேசிய விருது 1954-ல் தொடங்கியது. சிறந்த நடிகர் என்ற விருது 1967-ம் ஆண்டுப் படங்களிலிருந்து. துணை நடிகர் என்று ஒரு ஜீவன் இருப்பது 1984-ம் ஆண்டுப் படங்களுக்கு விருது கொடுக்கும்போதுதான் கண்ணில் பட்டது. சாந்திபத்தில் இருக்கும் அமெரிக்கத் தூதரகத்திலிருந்து கௌடில்ய மார்க் தமிழ்நாடு இல்லத்துக்கு நடந்தே வந்துவிடலாம். அந்தத் தகடு வந்து சேர 48 வருஷம் ஆயிற்று. பாலையா 1972-லேயே போய்ச் சேர்ந்துவிட்டார். இடையில் 'தில்லானா மோகனாம்பா'ளுக்குச் சிறந்த தமிழ்ப் படம் என்று விருது கொடுத்தார்கள். அந்தப் படத்தில் தவில்காரராக நடித்த பாலையாவுக்கு என்ன தருவது? விதிமுறையில் இல்லை. விதிமுறையில் இல்லாத மனிதன் டெல்லியில் இல்லவே இல்லை.

இன்ஸ்பெக்டர் வேஷக்காரருக்கு 'ரிக்‌ஷாக்காரன்' படத்துக்காகச் சிறந்த நடிகர் விருது வந்தது. 1988-ல் பாரத ரத்னாவும் வந்தது. தமிழ்நாட்டில் சட்டமன்றத் தேர்தல் 1989 ஜனவரியில். தற்செயல் என்று நம்புகிறவர்கள் நன்றாக இருக்கட்டும்.

ரத்தினம் நடிப்புக்கு இல்லை, மக்கள் தலைவருக்கு என்பார்கள். சரி, தலைவர் எப்படித் தயாரானார்? திரையில் ஒருவர் நல்லவராக ஜொலிக்க, எதிரே ஒருவன் கெட்டவனாக நின்று காறித் துப்பல் வாங்க வேண்டும். 'மதுரை வீர'னில் அப்படி நின்ற நரசப்பன் யார்? இதே பாலையா. பிம்பத்துக்கு ரத்தினம் தந்தவர்கள், அது பளிச்சென்று தெரியக் கரி பூசிக்கொண்டவனைத் திரும்பிப் பார்த்தார்களா?

டெல்லியை மட்டும் வைது என்ன பயன்? கட்-அவுட்டுக்குப் பாலை ஊற்றி, துணை நடிகரின் பெயரைக்கூடக் கேட்காமல் வீட்டுக்கு வந்த கூட்டம் நாம்தானே. பாலையா பயந்த முகத்தை இன்றைக்கும் கைப்பேசியில் தினமும் ஒருவருக்கொருவர் அனுப்பிச் சிரிக்கிறோம். அனுப்புகிறவர்களில் பாதிப் பேருக்கு அது யார் முகம் என்று தெரியாது.

நாளைக்கே ஒருவர் மனு எழுதிக்கொண்டு டெல்லிக்குப் போனால் முதல் கேள்வி இதுவாகத்தான் இருக்கும்: இவருக்கு எத்தனை தொகுதி? ஒன்றும் இல்லை, ஐயா. இவர் திரையில் தோற்றுக்கொண்டே இருந்தார். தொகுதிக்குப் போனது, இவரை அடித்து ஜெயித்தவர்கள்.