நடுத்தர விலை டேப்பில் சிம் பின் பெறும் இடம்: ஓர் ஆய்வு

1. நோக்கமும் எல்லையும்

டேப்பைப் பற்றி இதுவரை எழுதியவர்கள் எல்லோரும் அதை வாங்கலாமா வேண்டாமா என்ற அற்பக் கேள்வியோடு நின்றுவிட்டார்கள். பயனுள்ள கேள்விக்கு விடை சொல்வது ஆய்வாகாது என்பதால் இக்கட்டுரை அப்பக்கமே போகவில்லை. 2023 அக்டோபரில் வெளிவந்த சாம்சங் கேலக்ஸி டேப் ஏ9 பிளஸ் இங்கு முதன்மைத் தரவாகக் கொள்ளப்படுகிறது. அதனினும் விலை உயர்ந்தவை ஆய்வாளரின் எல்லைக்கு, அதாவது சம்பளத்துக்கு, அப்பாற்பட்டவை. அதனினும் தாழ்ந்தவை ஆன் ஆகி முடிப்பதற்குள் ஆய்வுக் காலம் முடிந்துவிடும்.

விவரப் பட்டியலில் பெரிய எழுத்தில் இருப்பது மூலபாடம் எனவும், உடுக்குறியிட்டுப் பொடி எழுத்தில் அடியில் இருப்பது உரை எனவும் இங்கு வழங்கப்படும். மூலம் தந்ததை உரை பிடுங்கிக்கொள்வது நம் மரபில் புதிதன்று.

2. திரை

மூலபாடம் 11 அங்குலம் என்கிறது. இது நீளமும் அன்று, அகலமும் அன்று. மூலைக்கு மூலை இழுத்த கோடு. 16:10 என்ற விகிதப்படி கணக்கிட்டால் திரையின் நீளம் ஏறத்தாழ 23.7 செ.மீ., அகலம் 14.8 செ.மீ. திரையின் மூலைகளோ வளைந்தவை. ஆகவே கோட்டின் இரு முனைகளும் திரைக்கு வெளியே, வளையாத மூலைகள் கொண்ட ஒரு கற்பனைச் செவ்வகத்தில் நிற்கின்றன. உரை இதை ஒப்புக்கொள்கிறது. அளக்கப்பட்டது இல்லாத செவ்வகம் என்றாகிறது. கிடைக்காத நூலுக்குக் காலம் கணித்துப் பழகிய அறிஞர்களுக்கு இம்முறை வியப்பளிக்காது.

1920 × 1200 என மொத்தம் 23,04,000 புள்ளிகள். திரை நொடிக்கு 90 முறை வரை புதுப்பிக்கப்படும். நம் தொலைக்காட்சித் தொடர் நொடிக்குத் தருவது 25 படங்கள். எஞ்சிய 65 முறையும் கதாநாயகியின் அதே அதிர்ச்சியே புதுப்பிக்கப்படுகிறது (மாமியார், வாய்மொழி).

3. செயலி

ஸ்னாப்டிராகன் 695. எட்டு கோர்கள். அவற்றுள் இரண்டு 2.2 கிகாஹெர்ட்ஸ் வரை ஓடி உழைக்கும், ஆறு 1.8 கிகாஹெர்ட்ஸ் வரை உடன் வரும். எண்ணும்போது மட்டும் எட்டும் சமம். கருத்தரங்கக் கட்டுரைத் தொகுப்புகளில் பதிப்பாசிரியர் குழுவின் பெயர்களை எண்ணிப் பார்த்தவர்களுக்கு இவ்விகிதத்தை விளக்க வேண்டியதில்லை.

4. சேமிப்பகம்

128 ஜிபி என்பது ஜிபிக்கு நூறு கோடி பைட் என்ற கணக்கு. 1,024-இன் அடுக்குகளில் எண்ணினால் அதே இடம் 119.2 ஆகிவிடும். இந்த வழக்கைத் தீர்க்கவே பன்னாட்டு மின்தொழில்நுட்ப ஆணையம் 1998-இல் இரண்டாம் வகை எண்ணிக்கைக்குத் தனிப் பெயர்களை வகுத்தது. ஆணையத்தின் குரல் கடைத்தெரு வரை எட்டவில்லை. இயங்குதளமும் முன்பே குடியேறிய செயலிகளும் எடுத்துக்கொண்டது போக மீதியே வாங்கியவருக்கு. (கடைப்பையன், விற்பனைக்கு முந்தைய கூற்று: "அண்ணே, இது ரொம்பவே ரொம்பாது." மாறாக, அதே கடைப்பையன், விற்பனைக்குப் பிந்தைய கூற்று: "எல்லா டேப்பும் அப்படித்தாண்ணே.")

5. கேமரா

பின்புறம் 8 மெகாபிக்சல். கல்யாண மண்டபத்தில் பின்வரிசைக்காரர்களுக்கு மணமக்கள் தெரியாமல் செய்யப் பயன்படுகிறது.

6. பேட்டரி

7,040 மில்லி ஆம்பியர் மணி. இது மின்னூட்டத்தின் அளவே, ஆற்றலின் அளவன்று. மின்னழுத்தத்தால் பெருக்கினால்தான் ஆற்றல். அது ஏறத்தாழ 27 வாட் மணி. தனி அனுமதி கேட்காமல் விமானத்தில் கொண்டுபோகும் பேட்டரிக்கு வரம்பு 100 வாட் மணி. பஸ்ஸில் போகிறவர்களுக்கும் இது ஆறுதல் தரும் செய்தி.

7. துளைகள்

ஹெட்போன் துளை 3.5 மி.மீ. இதன் மூதாதையான கால் அங்குலச் செருகி, பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தொலைபேசி இணைப்பகங்களில் பிறந்தது. சார்ஜர் துளை டைப்-சி. பக்கத்துக்கு 12 என 24 தொடுமுனைகள் இருப்பதால் எப்படிச் செருகினாலும் ஏற்கும். அதன் வடிவம் வகுக்கப்பட்டது 2014-இல். உள்ளே ஓடுவதோ 2000-இல் வந்த யூஎஸ்பி 2.0. வாய்க்கும் தொண்டைக்கும் 14 ஆண்டு இடைவெளி இருப்பதால், வாய் பிற்கால இடைச்செருகல் என்று துணியலாம்.

8. சிம் பின்

இனி ஆய்வின் உயிர்நிலைக்கு வருவோம்.

8.1 தோற்றம். 2007-இல் வந்த முதல் ஐபோனிலேயே சிம் தட்டுக்கு ஊசித் துளை உண்டு. திறக்க ஜெம் கிளிப்பே போதும். 2008-இல் ஐபோன் 3ஜி தனக்கென ஒரு பின்னோடு வந்தது. இந்தப் பின்னுக்காக எடுத்தாளப்பட்ட லிக்விட்மெட்டல் என்னும் உலோகக் கலவை, கலிஃபோர்னியா தொழில்நுட்பக் கழக ஆய்வில் 1990களில் பிறந்தது. கோல்ஃப் மட்டைக்கும் ஆகி வந்தது. அணுக்கள் வரிசையில் அடங்காமல் கண்ணாடியில் உள்ளதுபோலக் கலைந்து கிடப்பதே அதன் வலிமைக்குக் காரணம் என்பர் அறிவியலார். ஒழுங்கின்மையே வலிமை என்னும் இக்கொள்கை நம் ஆய்வேடுகளில் நெடுங்காலமாக நடைமுறையில் உள்ளது.

8.2 முரண். சிம்மே போட முடியாத வைஃபை டேப்பிலும் சிம் பின் உண்டு. மைக்ரோ எஸ்டி அட்டைக்குத் தட்டு இருப்பதே காரணம் என்பர். அட்டையின் அளவு 15 × 11 மி.மீ. கைதவறிக் கீழே விழுந்தால் அது தரையின் நிறத்தை அடையும் (நேரடிக் களப்பணி, கட்டிலுக்கு அடியில்).

8.3 இயக்கம். துளைக்குள் ஒரு நெம்புகோல் இருக்கிறது. பின் அதன் ஒரு முனையைத் தள்ள, மறுமுனை தட்டை வெளியே தள்ளுகிறது. இவ்வளவுதான். இவ்வளவுதான் என்று எழுதினால் கட்டுரை ஏற்கப்படாது என்பதால் அடுத்த உட்பிரிவு.

8.4 இரு துளைக் கோட்பாடு. டேப்பின் விளிம்பில் பின் நுழையத் தக்க துளை ஒன்றல்ல. மைக்குக்கும் துளை உண்டு. தட்டின் துளையைச் சுற்றி மயிரிழை போல ஒரு பிளவுக்கோடு ஓடும். மைக்கின் துளை தனித்து நிற்கும். கண்ணாடி போடாத கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. மைக் துளையில் பின்னை அழுத்தியோருக்குத் தட்டு வெளிவருவதில்லை. மறுநாள் வீடியோ அழைப்பில் குரலும் வெளிவருவதில்லை. (பெரியப்பா, மௌன உரை, அதற்கு அமெரிக்காவிலிருந்து மகன் எழுப்பிய தடை: "அப்பா, நீங்க பேசறது கேக்கலை", அதற்குப் பெரியம்மா தந்த விடை: "இத்தனை வருஷத்துல இப்பத்தான் வீடு வீடா இருக்கு.")

8.5 பதிலி மரபுகள். பின் தொலைந்தபின் தோன்றியவை நான்கு. அவை பின்வருமாறு:

ஊக்கு மரபு: மிகத் தொன்மையானது. தாலிச்சரடில் தொங்குவதால் தொலையாது.

தோட்டு மரபு: காதுத்தோட்டின் தண்டைச் செருகுவது. (மேல்வீட்டு அக்கா, மொட்டைமாடி உரைகள், துணி உலர்த்தும் பகுதி, தண்டு வளைந்த செய்தி தனிப் பின்னிணைப்பாக, அவர் கணவர் வீட்டில் இல்லாதபோது மட்டும் பார்வைக்குக் கிடைக்கும்.)

ஈர்க்கு மரபு: துடைப்பத்திலிருந்து உருவுவது. முனை உள்ளே முறிந்து தங்குவதால், அடுத்து வரும் ஆய்வாளருக்கு அகழாய்வு வாய்ப்பு உறுதி.

முள் மரபு: வேலிக்கருவை முள். (சித்தப்பா, வேலியோரச் சொற்பொழிவுகள், கையெழுத்துப் படி, நடுப்பகுதி சிதைந்துள்ளது, அப்போது முள் விரலில் இருந்தது, இறுதிப் பகுதியை அவர் ஒற்றைக் காலில் நின்று சொன்னதால் பாடம் ஆடுகிறது, சித்தி அதற்கு எழுதிய மறுப்புரை ஒரே சொல்லாலானது, அச்சேற்ற இயலாது, அச்சொல்லே மூலம், சொற்பொழிவு அதன் விரிவு என்பாரும் உளர்.)

இந்நான்கும் ஒரே மூலமரபின் கிளைகள் என்று நிறுவ இரு அறிஞர்கள் முயன்றதாகக் கொள்வோம். முதலாமவர் இரண்டாமவரை மேற்கோள் காட்டுவார். இரண்டாமவர் முதலாமவரைக் காட்டுவார். பின்னைக் கண்டவர் இருவருள் ஒருவரும் இல்லை. இப்படி ஒரு கருத்து மும்முறை அச்சானால் அதற்குத் "தெளிந்த முடிபு" என்று பெயர்.

8.6 இருப்பிடம். புதிய டேப்பில் பின் பெட்டிக்குள் சிறு அட்டையில் செருகப்பட்டிருக்கும். பிறகு தையல் சாமான் வைக்கும் பிஸ்கட் டப்பா, பூஜை அலமாரியில் கற்பூர டப்பா, "எதற்கும் இருக்கட்டும்" என்ற இழுப்பறை என அது இடம்பெயரும். எதற்கும் இருக்கட்டும் என்று வைத்த எதுவும், எதற்காக வைத்தோமோ அதற்கு அகப்படுவதில்லை.

9. முடிவுகள்

அட்டையைப் போட ஒரு முறை தட்டைத் திறந்தால், பிறகு அதைத் திறக்கும் தேவை பெரும்பாலும் வருவதில்லை. ஆயுளில் ஒரு முறை உதவும் பின்னுக்குப் பாதிக் கட்டுரையும், நாள் முழுதும் பார்க்கும் திரைக்கு இரண்டு பத்தியும் தந்தது தகுமா என்ற வினா எழலாம். தகும். திரையைப் பற்றி எழுதினால் படிப்பவர் எல்லோரும் சரிபார்த்துவிடுவார்கள்; பின்னைப் பற்றி எழுதினால் சரிபார்க்க யாரிடமும் பின் இல்லை. ஆய்வுத் தலைப்பைத் தேர்வதில் வழிகாட்டிகள் தரும் ஒரே வழிகாட்டுதலும் இதுவே.