நியூட்டனும் கொட்டியாரத்துக் கைதியும்

2020 மார்ச்சில் ஊரடங்கு போட்டதும் திருகோணமலைப் பெரிசுகள் பிள்ளைகளுக்குச் சொன்ன முதல் புத்திமதி: "நியூட்டனைப் பார்! கொள்ளைநோய்க்குக் கம்பஸ் மூட, வீட்டிலிருந்தே ஈர்ப்புவிசையைப் பிடிச்சவர்." ஆய்வுகூடத் திட்டமெல்லாம் பாழாகி, மாமரத்தடியில் சிக்னல் தேடிக்கொண்டிருந்த என் மருமகன் கேட்டான்: "மாமா, நியூட்டனுக்கு டேட்டா ஆர் போட்டுவிட்டது?"

அம்மாதான். 1665இல் கேம்பிரிட்ஜ் மூடியபோது 22 வயது நியூட்டன் போய் இறங்கியது வூல்ஸ்தோர்ப்பில், தாயின் பண்ணைவீட்டில். சோறு, கூரை, ஆளம்பு எல்லாம் தயார். அந்தத் தாய் முன்பு படிப்பை நிறுத்தி மகனை விவசாயியாக்கப் பார்த்தவர். பிள்ளையோ 1659இல் ஆடுகளைக் கட்டாக்காலியாக விட்டுத் தண்டம் வாங்கியது.

அதே 1659இன் கடைசியில் மசூலிப்பட்டினத்துப் புயலில் 'ஆன்' என்ற கப்பல் பெரிய பாய்மரத்தை இழந்தது. புதுமரம் போட எங்கட கொட்டியாரக் குடாவுக்கு வந்தார்கள். மரம் கிடைத்ததோ இல்லையோ, மறுவருடம் கண்டி ராசா இராசசிங்கனின் ஆட்கள் கப்டன் நொக்ஸையும் 19 வயது மகன் றொபேட்டையும் பிடித்துக்கொண்டு போனார்கள். மூதூரில் அதைச் சொல்லும் கல் 1893இல் நட்டது. தகப்பன் காய்ச்சலில் போய்ச் சேர, மகனுக்கு 19 வருட லொக்டவுன். தொப்பி பின்னி விற்றார். நெல்லை வட்டிக்குக் கொடுத்தார். பின்னிய தொப்பி ஒன்றைக் கொடுத்து பைபிள் வாங்கினார். ஒன்லைன் வகுப்பு இல்லாத குறை ஒன்றுதான்.

கேம்பிரிட்ஜை மூடிய அதே கொள்ளைநோய் இலண்டனில் றோயல் சொசைட்டியின் கூட்டங்களையும் நிறுத்தியது. அதன் பரிசோதனைப் பொறுப்பாளர் றொபேட் ஹூக், எப்சம் பக்கம் ஒதுங்கி, ஆழக் கிணறுகளுக்குள் பாரத்தைக் கயிற்றில் இறக்கினார். கீழே போகப் போக நிறை மாறுகிறதா என்று பார்க்க. கருவிக்கு அவ்வளவு நுட்பம் போதவில்லை, ஒன்றும் பிடிபடவில்லை. பின்னாளில் ஈர்ப்பு யாருடையது என்று நியூட்டனுடன் சண்டை பிடித்தது இவர்தான். கொள்ளைநோய்க் காலத்தில் நியூட்டனின் கணக்கும் அரைவேக்காடுதான். ஆப்பிள் கதையை அவர் சொன்னது கிழவனான பிறகு.

நொக்ஸ் 1679இல் அரிப்புக் கோட்டைக்குத் தப்பி ஒல்லாந்தரிடம் சேர்ந்தார். 1680இல் இலண்டன், 1681இல் சிறையிருந்த கதையோடு புத்தகம். முன்னுரை, அதே கிணற்றடி ஹூக்.

நியூட்டனோ ஈர்ப்பைப் பற்றிப் புத்தகம் போட 1687 ஆனது. அதுவும் எட்மண்ட் ஹாலி நச்சரித்து, அச்சுக்கூலியும் தன் கையால் கட்டினதால். சொசைட்டி காசு தரவில்லை. மீன்களின் வரலாறு என்றொரு பெரிய புத்தகத்தைப் போட்டுக் கையைச் சுட்டுக்கொண்டிருந்தது. மீனில் முதல் போடமுன் கொட்டியாரத்து ஆட்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.