அன்று வெள்ளிக்கிழமை அல்ல

2012 நவம்பர் 26 அன்று வியன்னாவில் மதங்கள் கூடிப் பேச ஒரு சர்வதேச மையம் திறந்தார்கள். பெயர் மன்னர் அப்துல்லாவுடையது, பணம் சவூதி அரேபியாவுடையது. ஆஸ்திரியாவும் ஸ்பெயினும் பங்காளிகள், வத்திகான் பார்வையாளர். ஷோட்டன்ரிங் சாலையில் மாளிகை. நிர்வாகக் குழுவில் ஒன்பது பேர்: மூன்று முஸ்லிம், மூன்று கிறிஸ்தவர், ஒரு யூதர், ஒரு இந்து, ஒரு பௌத்தர். பந்தி விசாரணை குறைவில்லாமல் நடந்திருக்கிறது.

தன் மண்ணில் வெளிப்படையாக ஒரு சர்ச்சுக்கோ கோயிலுக்கோ இடம் தராத அரசு, அடுத்தவன் ஊரில் கட்டிய சமரச மடம் அது. வீட்டு அடுப்பில் பூனை தூங்குகிறது, ஊருக்கு அன்னதானம்!

மடம் திறந்து 44 நாள் ஆனது. 2013 ஜனவரி 9, சவூதியின் தவாத்மி நகரில் ரிசானா நபீக்கின் தலையை வாளால் வெட்டினார்கள்.

இலங்கை மூதூர்ப் பெண், ஏழை வீட்டுப் பிள்ளை. 2005இல் வீட்டு வேலைக்குப் போனபோது வயது 17. பாஸ்போர்ட் அவளை 23 ஆக்கியிருந்தது. போய்ச் சேர்ந்த அந்த மாதமே பால் புகட்டும்போது கைக்குழந்தை இறந்தது. புரையேறியது என்றாள். அந்த ஒரு தமிழ்ச் சொல்லை அரபிக்குக் கொண்டுபோக விசாரணையில் ஒழுங்கான மொழிபெயர்ப்பாளர் இல்லை, வக்கீலும் இல்லை. கொலை என்று எழுதிக்கொண்டார்கள். பின்னால் வியன்னாவில் உரையாடலுக்கு மாளிகையே வந்தது.

மையத்தின் துணைப் பொதுச்செயலாளர் ஓர் அம்மையார், ஆஸ்திரியாவின் முன்னாள் நீதி அமைச்சர். 2014இல் ஒரு பேட்டியில் சவூதியின் தலைவெட்டு பற்றிக் கேட்டபோது, அது எல்லா வெள்ளிக்கிழமையும் நடப்பதில்லை என்றார். சரிதான் அம்மா. ரிசானாவை வெட்டியது புதன்கிழமை.

சில மாதங்களில் வெள்ளிக்கிழமையும் வந்தது. 2015 ஜனவரி 9, ரிசானா போய் சரியாக இரண்டு வருடம். ஜித்தாவில் ஒரு பள்ளிவாசலுக்கு முன்னால், தொழுகை முடிந்த கூட்டத்தின் நடுவே, வலைப்பதிவர் ரைஃப் பதாவிக்கு 50 கசையடி. எழுதியதற்கு விதித்த 1000 அடியில் முதல் தவணை. வியன்னா மையம் வாயில் கொழுக்கட்டையோடு உட்கார்ந்திருந்தது. ஆஸ்திரியாவின் சான்சலரே பொறுக்கமாட்டாமல், இது உரையாடல் மையமல்ல, மௌன மையம் என்றார்.

சாமிகளே, ஃபாதர்களே, ஹஜ்ரத்துகளே, ரபிமார்களே, உங்களைத்தான் கேட்கிறேன். படியளக்கிற கையில்தான் வாளும் இருக்கிறது என்பது உங்களுக்குத் தெரியாதா? கொலை செய்யாதே என்று ஊருக்கெல்லாம் ஓதுகிறீர்களே, உங்களுக்கு நாற்காலி போட்டவனிடம் அதைச் சொல்ல எந்த வேதம் தடுத்தது? வெள்ளைப் புறா படம் போட்ட மேடையில் கைகோத்துச் சிரித்துவிட்டால் சமாதானம் வந்துவிடுமா?

2022இல் மையம் லிஸ்பனுக்குக் குடிபெயர்ந்தது. அதே ஆண்டு மார்ச் 12 அன்று சவூதி அரேபியா ஒரே நாளில் 81 பேருக்கு மரண தண்டனை நிறைவேற்றியது.

அன்று சனிக்கிழமை.