மானா, நாலா?

ஜிம்பாப்வேயில் 'மானா பூல்ஸ்' தேசியப் பூங்கா இருக்கிறதாமே. மான் அதிகமோ?

மானும் உண்டு, ஆனால் பெயரில் இல்லை! ஷோனா மொழியில் 'மானா' என்றால் நான்கு. ஜாம்பேசி ஆறு தடம் மாறியபோது விட்டுச்சென்ற நான்கு குளங்கள். அவற்றில் பெரியதில் நீர்யானையும் முதலையும் கூட்டுக்குடித்தனம்.

அங்கே வழிகாட்டி இல்லாமலே நடந்து சுற்றலாமாமே?

அனுமதிச் சீட்டு பூங்கா அலுவலகம் தரும். சிங்கத்திடம் நீங்களே தனியாக வாங்கிக்கொள்ள வேண்டும்.

அந்த ஊர் யானை இரண்டு காலில் நிற்கிறதே, சர்க்கஸிலிருந்து ஓடிவந்ததா?

சர்க்கஸில் சாட்டைக்கு நிற்கும். இங்கே சாப்பாட்டுக்கு நிற்கிறது. ஆற்றங்கரையிலுள்ள அனா மரம் ஒரு விசித்திரப் பிறவி. மழைக்காலத்தில் இலையுதிர்த்து, ஊரே காயும் வறட்சியில் பச்சை கட்டி நிற்கும். எட்டாத அந்தக் கிளைக்காகத்தான் பின்னங்காலில் எழும்புகிறார்கள், ஒருசில ஆண் யானைகள் மட்டும். மற்றவை கீழே விழுந்த காயைப் பொறுக்கிக்கொள்ளும்.

பார்க்க முடியாத விலங்கு ஏதாவது உண்டா?

கறுப்புக் காண்டாமிருகம். 1984-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது இருந்தது. கொம்புக்காகக் கொன்றார்கள், மிஞ்சியதைக் காப்பாற்ற வேறிடம் கொண்டுபோனார்கள்.