காணிச் சண்டையைப் பேரப்பிள்ளை வரை கொண்டுபோக எளிய வழிகள்

மட்டக்களப்பு எழுவான்கரையில் பத்துப் பேர்ச் வளவா, படுவான்கரையில் ஐந்து ஏக்கர் வயலா? எதுவானாலும் பரவாயில்லை. கீழே சொன்னபடி செய்யுங்கள், பிணக்கு முடியவே முடியாது. முக்கால்வாசியை நீங்கள் ஏற்கெனவே செய்துகொண்டுதான் இருக்கிறீர்கள். ஒழுங்குபடுத்தியது மட்டும் நான்.

1. எதையும் எழுதாதீர்கள். மகளுக்குச் சீதனமாக வளவைக் கொடுக்கிறீர்களா? "மறுகா எழுதிக்கொள்ளுவம்" என்று மருமகனிடம் வாயால் சொல்லிவிடுங்கள். காணிக் கைமாற்றம் நொத்தாரிசுக்கு முன்னால், இரண்டு சாட்சிகளோடு நடக்க வேண்டும் என்ற சட்டம் 1840இலிருந்து இருக்கிறது. அவ்வளவு பழையதை யார் கிளறப்போகிறார்கள்!

2. பெர்மிட் காணி என்றால் உங்களுக்கு யோகம். 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கிடைத்த காணியைப் பிரதேச செயலாளருக்குத் தெரியாமல், முத்திரை ஒட்டிய தாளில் கையெழுத்து வைத்து விற்றுவிடுங்கள். அந்த விற்பனை செல்லாது. வாங்கினவருடைய காசும் திரும்பி வராது. விற்க மனமில்லையா? பின்னுரித்தாளரை நியமிக்காமல் கண்ணை மூடுங்கள். மட்டக்களப்பில் வீடும் வளவும் பெண்பிள்ளைக்குப் போவது வழக்கம். சட்டத்தின் அட்டவணையோ 2022இல் திருத்தம் வரும்வரை ஆண்பிள்ளையைத்தான் முன்னால் வைத்திருந்தது. வீட்டில் இருப்பவள் மகள், உரிமை கேட்டு வருபவன் மகன். எட்டுச் செலவு முடிவதற்குள் இருவரும் பேச்சை நிறுத்திவிடுவார்கள்.

3. பக்கத்து வளவுக்காரர் கதியாலை இரண்டு முழம் உள்ளே நட்டுவிட்டாரா? ஜி.எஸ்ஸிடம் (கிராம உத்தியோகத்தரிடம்) போங்கள். நீங்கள் அந்த முகவரியில் இருக்கிறீர்கள் என்று அவர் உறுதிப்படுத்தலாம். காணி யாருடையது என்று சொல்ல அவருக்கு அதிகாரமில்லை. அதையே கேளுங்கள். கடைசியில் "இவர் இங்கு நீண்டகாலமாக வசிக்கிறார்" என்று ஒரு கடிதம் தருவார். அதை லெமினேட் செய்து, உறுதிபோல் அலுமாரியில் பூட்டி வையுங்கள். எதிராளியின் அலுமாரியிலும் அதே கையெழுத்தில் ஒன்று இருக்கும்.

4. அடுத்தது பிரதேச செயலகம். அரச காணியில் பிரதேச செயலாளருக்கு நிறையவே அதிகாரம் உண்டு. உங்களுடையது உறுதிக் காணி. அங்கே அவர் இரு பகுதியையும் கூப்பிட்டுக் கதைக்கலாம், சமாதானம் பண்ணிப் பார்க்கலாம். உரித்து யாருக்கு என்று தீர்ப்பது மாவட்ட நீதிமன்றம். இதை அவரே பொறுமையாக விளக்கினால், மற்றப் பக்கத்தில் வாங்கிவிட்டார் என்று ஊரில் சொல்லுங்கள். பிறகு மாவட்டச் செயலாளர், ஆளுநர், பாராளுமன்ற உறுப்பினர், ஜனாதிபதி என்று பிரதி போடுங்கள். பதில் ஒரே மாதிரி வரும்: "உரிய நடவடிக்கைக்காகப் பிரதேச செயலாளருக்கு அனுப்பப்பட்டுள்ளது."

5. இரண்டு மாதத்தை வீணாக்குங்கள். இந்தப் படியில் அவசரப்பட்டால் எல்லாம் கெட்டுவிடும். அடித்து விரட்டிக் காணியைப் பிடித்திருந்தால், 1979ஆம் ஆண்டின் முதனிலை நீதிமன்றச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் விரைவாக நீதிமன்றம் போகலாம். வழக்கு வைப்பதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் வெளியேற்றப்பட்டிருந்தால், உங்களை மீண்டும் உள்ளே விடச் சொல்லி நீதிமன்றம் கட்டளையிடலாம். ஆகவே அந்த இரண்டு மாதமும் நான்காம் படியிலேயே நில்லுங்கள்.

6. வாவிக்கரை ஆட்கள் கவனிக்க. இரவில் டிப்பரில் கிறவல் கொண்டுவந்து கொட்டுங்கள், கண்டலை வெட்டுங்கள், மதிலைத் தண்ணீர்ப் பக்கம் தள்ளிக் கட்டுங்கள். ஒருநாள், அரச காணியை மீட்பதற்கான 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வெளியேறும் அறிவித்தல் வரும். நீதிவான் உங்களிடம் கேட்பது ஒன்றே ஒன்று: அரசு தந்த, செல்லுபடியான பெர்மிட்டோ எழுத்திலான வேறு அதிகாரமோ இருக்கிறதா? நீங்கள் மின்சாரப் பில்லையும் லெமினேட் செய்த கடிதத்தையும் நீட்டுங்கள்.

7. பெரிய அளவில் இழுத்தடிக்க நமக்குத் திறமை போதாது. அதை அரசிடம் விடுங்கள். மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சல் தரையில் வெளிமாவட்டத்தார் பயிர் செய்கிறார்கள் என்று பண்ணையாளர்கள் 2023 செப்டெம்பரில் சித்தாண்டி வீதியோரம் உட்கார்ந்தார்கள். மாடு இருப்பது மட்டக்களப்பில், காணி இருப்பது மகாவலி அதிகார சபையின் கையில். 13ஆவது திருத்தம் 1987இல் சொன்ன தேசிய காணி ஆணைக்குழுவோ இன்னும் பிறக்கவேயில்லை. வழக்குக்குப் போனாலும் 2013இல் உயர் நீதிமன்றம் அரச காணியின் பிடி மத்திக்கே என்று சொல்லிவிட்டது. இந்தப் பண்ணையாளர்கள் மேலே சொன்ன பிழை ஒன்றையும் செய்யவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்.

8. கடைசிப் படி, பத்து வருடம் சும்மா இருங்கள். 1871ஆம் ஆண்டுச் சட்டப்படி, உங்கள் காணியைத் தன்னுடையதாகவே வைத்து ஒருவர் பத்து வருடம் தடையின்றி ஆண்டால் உரித்து அவர் பக்கம் சாயும். யுத்தத்தால் காணியை விட்டுப் போனவர்களுக்கு அந்தக் காலக்கணக்கில் 2016இல் சலுகை வந்தது. இரண்டு வருடத்துக்குள் வழக்கு வைத்திருக்க வேண்டும். நீங்கள் அப்போது ஆளுநருக்கு மனு எழுதிக்கொண்டிருந்தீர்கள். மனு எழுதிய வருடங்கள் எதிராளியின் பத்து வருடத்தில் ஒரு நாளைக்கூடக் குறைக்காது. அந்தக் கணக்கை நிறுத்த மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு வைக்க வேண்டும்.