மின்னடுப்பில் ஞாபகம்

நினைவு, இழப்பு என்று பரிசோதனைக் குறும்படம் எடுக்கக் கிளம்புகிறவர்களுக்கு ஹாலிஸ் ஃப்ராம்ப்டன் என்ற அமெரிக்கர் 1971இலேயே செலவில்லாத ஒரு வழியைக் காட்டிவிட்டார். ‘நாஸ்டால்ஜியா’ என்ற அந்தப் படத்தில் மின்னடுப்பின் மேல் ஒரு புகைப்படம் கிடக்கும். முதலில் கம்பிச்சுருளின் வடிவம் அதில் பழுப்பாகப் பதியும்; பிறகு புகை, சுருக்கம், கரி. அப்புறம் அடுத்த புகைப்படம். அரைமணி நேரத்துக்கு மேல் இதே சமையல்தான்.

கூடவே ஒரு குரல் விளக்கம் சொல்லும், ஆனால் எரிகிற படத்துக்கல்ல, அடுத்து எரியப்போவதற்கு. அது வந்து சேர்வதற்குள் குரல் அதற்கடுத்ததற்குப் போயிருக்கும். ‘நான்’ என்று பேசுவதும் ஃப்ராம்ப்டன் இல்லை, நண்பர் மைக்கேல் ஸ்னோ. சொந்த ஞாபகத்துக்கே ஆள் வைத்த மனுஷன்! ஆனாலும் படம் பிரமாதம். மறதியைப் பற்றிப் பிரசங்கம் செய்யாமல் நமக்கே அதை வரவழைத்துவிடுகிறார்.

வாரிசுகளுக்கு அவ்வளவு பொறுமை ஏது? மாயா டெரன் என்ற இயக்குநர் 1943இல் தன் லாஸ் ஏஞ்சலீஸ் வீட்டில் சாவி, கத்தி, கண்ணாடி முகம் வைத்துப் படமாக எடுத்த கனவை இன்னும் வாடகைக்கு எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். இவர்கள் படங்களில் கடற்கரையில் காலி நாற்காலி, முதுகு காட்டி நிற்கும் பெண், எங்கோ சொட்டும் குழாய். யார் எதை இழந்தார்கள் என்று கேட்டால், “அதைப் பார்வையாளர்தான் உணரணும்” என்பார் இயக்குநர். டிக்கெட் வாங்கியவர்கள் ஓரளவு உணர்ந்துவிடுகிறார்கள்.